பதினேழாம் எண்ணில் மழை

அதிகாலை மூன்றரைக்கு ஓஷ் நகரில்
இணையம் மலிவு.
அப்போதுதான் நாற்பது இயந்திரங்களையும் எழுப்புவேன்.
ஒவ்வொன்றும் யானைப் பசியோடு எழும்.

துப்பாக்கி விளையாட்டுக்குப் பதினெட்டு ஜிபி.
கால்பந்துக்கு ஆறு;
ஆட்கள் கிளப் மாறிவிட்டார்களாம், சட்டை மாற்ற வேண்டும்.
கோட்டை கட்டும் விளையாட்டு
நாற்பத்தோரு எம்பி போதும் என்கிறது.
அந்த அடக்கம் எனக்குப் பிடிக்கும்.

முதல் இயந்திரம் வெளியே வாங்கும்.
மற்றவை அதனிடம் கைமாற்று வாங்கும்.
பச்சைத் தேநீர் ஆறுவதற்குள்
பாதித் திரைகளில் நீலக்கோடு நிறைந்துவிடும்.
எட்டு மணிக்குப் பள்ளிப் பையோடு பள்ளிக்குப் போகாமல் வருவான்கள்.
ஒரு கோடு மிச்சமிருந்தாலும்
"பெகிமாய் எஜே, இன்னும் அப்டேட் போடலையா?" என்று
கடன் கொடுத்தவன் மாதிரி நிற்பான்கள்.

என்ன மாறியது என்ற குறிப்புகளை
இந்த ஊரில் முழுக்கப் படிப்பவள் நான் ஒருத்திதான் என்று நினைக்கிறேன்.
வாளின் காயம் ஐந்து விழுக்காடு குறைக்கப்பட்டது.
ஏணியில் ஏறும்போது தொப்பி மறைவது சரிசெய்யப்பட்டது.
குதிரை இனிக் கூரைமேல் நிற்காது.

குதிரை கூரைமேல் நின்றதா?
எத்தனை நாளாக?
ஒரு தடவை பார்த்திருக்கலாம்.

இன்று லாரி விளையாட்டுக்கு இருபத்தாறு ஜிபி.
அதை ஓட்டுபவர் ஒருவர்தான்.
எர்கெஷ்.
பகலெல்லாம் ஏழாம் தடத்தில் மினிபஸ் ஓட்டுகிறார்,
முழங்காலில் யாரோ ஒருவரின் தர்பூசணி,
கழுத்துக்குப் பின்னால் சில்லறை நீட்டும் கைகள்.
இரவு பத்துக்கு வந்து காசு கட்டி
பதினேழாம் எண்ணில் உட்கார்ந்து
மறுபடியும் வண்டி ஓட்டுகிறார்.

ஓட்டுகிறார் என்றா சொன்னேன்?
ஏதோ ஒரு நெடுஞ்சாலையில் ஒரு பெட்ரோல் பங்க்.
அங்கே மழை நிற்பதே இல்லை.
கூரையடியில் லாரியை நிறுத்தி, எஞ்சினை அணைத்து,
வைப்பரை மட்டும் ஓடவிட்டு
நாற்பது நிமிடம் பார்த்துக்கொண்டிருப்பார்.
ஒருமுறை கேட்டேன்.
"இங்க யாரும் கண்ணாடியத் தட்டுறதில்ல" என்றார்.

குறிப்பில் பதினோராம் வரி:
சில எரிபொருள் நிலையங்களில்
மழை முடிவின்றிப் பெய்த பிழை நீக்கப்பட்டது.

எங்கோ ஒருவன் ராத்திரி முழுக்க
அதைத் தேடியிருப்பான்.
மூன்று தடவை ஓட்டிப் பார்த்திருப்பான்.
மழை நின்றதும் நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடியிருப்பான்.
அவன்மேல் எனக்குக் கோபமில்லை.

தானாக மேம்படுத்து என்றால் இப்போதே வரும்.
தொடங்கும்போது மட்டும் என்றால் இரவு பத்துக்கு வரும்.
வேண்டாம் என்ற பொத்தானை
அந்தத் தளம் எங்கும் வைக்கவில்லை.

குனிந்து பதினேழின் பின்னாலிருந்து
கேபிளைப் பிடுங்கினேன்.
விரலெல்லாம் தூசி.
காலையில் முதலாளி குபாத், "அது பழுதா?" என்றார்.
"கேபிள்" என்றேன்.
பொய்யும் இல்லை.

இணைப்பில்லாமல் கொஞ்ச நாள் நம்பும்.
பிறகு, நீ யார், நிரூபி என்று கேட்கும்.
கொஞ்ச நாள் என்பது எத்தனை நாள் என்று
யோசித்தபடியே தூங்கப்போனேன்.

இரவு பத்துக்கு எர்கெஷ் வந்தார்.
ஜாக்கெட்டைக் கழற்றவில்லை.
"புதுசா ரோடு விட்டிருக்கானாமே?
பசங்க பஸ்ல பேசிக்கிட்டாங்க.
கடலோரமாப் போகுதாம்.
நம்மளுதுக்கு இன்னும் போடலையா?"

கேபிளின் முனை மேசைக்கடியில் என் காலருகே கிடந்தது.

"இருபத்தாறு ஜிபி. மூன்றரை ஆகணும்" என்றேன்.
"நாளைக்கு இருக்குமா?"
"இருக்கும்."

பதினோராம் வரியை நான் சொல்லவில்லை.
அவர் தலையாட்டிவிட்டு உட்கார்ந்தார்.
வேறெங்கும் போகவில்லை,
நேரே பங்க்குக்குப் போய் நிறுத்தினார்.
கூரைத் தகரத்தில்
சின்ன ஸ்பீக்கர் வழியாக
பெய்துகொண்டிருந்தது.